இரண்டு கப்டன்கள் சேர்ந்து கடக்கும் சாலை

எங்கள் நகரத்தில் எதையாவது மாற்றிய ஒருவரைத் தேர்ந்தெடுத்து, அவருடைய இடத்துக்கு நேரில் போய்ப் பார்த்து எழுத வேண்டும். கோடை விடுமுறைக்கு முன் எங்கள் வரலாற்று ஆசிரியை தந்த வேலை அது. வகுப்பில் பாதிப் பேர் நகர நடுவில் உள்ள அருங்காட்சியகங்களைத் தேர்ந்தெடுத்தார்கள். நான் தென் லண்டனில், ஒரு பழக்கடையும் ஒரு பேருந்து நிறுத்தமும் பக்கத்தில் இருக்கிற கிரிக்கெட் திடலைத் தேர்ந்தெடுத்தேன். ஜூலை மாதம் இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை அங்கே போனேன். அதே இடத்துக்குப் போக நினைப்பவர்களுக்காக வழியையும் செலவையும் சேர்த்தே எழுதுகிறேன்.

முதலில் கிளெம் யார் என்று சொல்லிவிடுகிறேன். ஈஸ்டர் விடுமுறையில், தென் லண்டனில் மிச்சம் என்ற பகுதியில் உள்ள பெரியப்பா வீட்டில் தங்கியிருந்தபோது, நூலகத்தில் உள்ளூர் விளையாட்டுகளைப் பற்றிய ஒரு சிறிய கையேட்டை வாசித்தேன். அதில் கிளெம்முக்கு மூன்றே பத்திகள். பார்படோஸ் தீவில் பிறந்து, இளைஞராக லண்டனுக்கு வந்து, மருத்துவமனையில் நோயாளிகளின் கட்டில்களைத் தள்ளும் வேலை செய்தவர். வார இறுதிகளில் கிரிக்கெட். கழகத்தின் மிகச் சிறந்த துடுப்பாட்டக்காரர் அவர்தான் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தும், பல பருவங்கள் கப்டன் பதவி வேறு யாருக்காவதுதான் போனது. கடைசியில் அது அவருக்கு வந்தபோது, அந்தச் சுற்றுவட்டாரக் கழகங்களிலேயே கறுப்பினத்தவர் ஒருவர் கப்டனானது அதுவே முதல் தடவை. என் அப்பா பிறப்பதற்கும் முன்பு நடந்தது.

அந்தத் திடலில் ஒரு விசித்திரம் உண்டு. வீரர்கள் உடை மாற்றும் கட்டடம் ஒரு பக்கம், ஆடும் புல்தரை மறுபக்கம், நடுவில் பொதுச் சாலை. துடுப்பைப் பிடித்துக்கொண்டு, இரண்டு பக்கமும் பார்த்து, கார்கள் போன பிறகுதான் ஆட்டக்காரர் களத்துக்குப் போக முடியும். மிச்சத்திலேயே இதைப் போன்ற அமைப்புள்ள, மிகப் பழைய, புகழ்பெற்ற திடல் ஒன்றும் இருக்கிறது. நான் சொல்வது அதுவல்ல. இது அதைவிடச் சிறியது.

கிளெம் கப்டனாக நின்ற முதல் ஆட்டத்தில், வந்த அணியின் கப்டன் அவரோடு சேர்ந்து நடக்க விரும்பாமல் தனியாகச் சாலையைக் கடந்து நாணயம் சுண்டப் போய்விட்டாராம். கிளெம் போகவில்லை. சாலையோரத்திலேயே இருந்தார். அவர் வராமல் ஆட்டத்தைத் தொடங்க முடியாது. கடைசியில் மற்றக் கப்டன் திரும்பி வந்தார். அன்றிலிருந்து அந்தத் திடலில் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன் இரண்டு கப்டன்களும் பக்கத்தில் பக்கத்தில் நடந்து சாலையைக் கடப்பது வழக்கம். கையேட்டில் "பொறுமையின் வடிவமாகக் காத்திருந்தார்" என்று எழுதியிருந்தது. அந்த நடையைப் பார்க்கத்தான் போனேன்.

இன்னொரு காரணமும் இருந்தது. பெரியப்பாவின் மகள் ஜெனி அக்கா அந்தக் கழகத்தின், ஆணும் பெண்ணும் சேர்ந்து ஆடும் ஞாயிறு அணியில் சுழற்பந்து வீசுகிறார். வயது பதினேழு. அணியின் கப்டன் வேலை மாற்றலாகி லீட்ஸுக்குப் போய்விட்டதால், அந்த ஒரு ஞாயிறு மட்டும் அக்காவைக் கப்டனாக நிற்கச் சொல்லியிருந்தார்கள். அன்று மாலைக்குள், பருவம் முடியும்வரை கப்டனாக இருக்கச் சம்மதமா என்று அவர் பதில் சொல்ல வேண்டும். பெண்களில் அவர் முதல். தமிழர்களிலும் முதல்.

நான் இருப்பது ஆர்ச்வேயில், முருகன் கோவிலிலிருந்து இறக்கத்தில் ஐந்து நிமிடம். தேவாலயத்தில் காலைப் பூசை முடிந்து வீட்டுக்கு வந்து, அம்மா கட்டித் தந்த மட்டன் ரோல்ஸையும் எடுத்துக்கொண்டு பத்தரைக்குப் புறப்பட்டேன். நோர்தேர்ன் லைன் என்ற சுரங்க ரயில் பாதையில் தெற்கே போகும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். பாங்க் நிலையம் வழியாகப் போகும் ரயில்தான் தெற்குக் கடைசி நிலையமான மோர்டன் வரை போகும். சாரிங் க்ரொஸ் வழி ரயிலில் ஏறினால் நடுவில் இறங்கி மாற வேண்டியிருக்கும். பலகையில் "மோர்டன்" என்று வரும்வரை நின்றேன். ஆறு நிமிடம்தான். பயணம் ஐம்பது நிமிடத்துக்குச் சற்றுக் கூட. பதினாறு வயதுக்குக் குறைந்தவர்களுக்கான அட்டை என்னிடம் இருப்பதால் ஒரு பவுணுக்குள் முடிந்தது. பெரியவர்களுக்கு அதைப் போல மூன்று நான்கு மடங்கு ஆகும்.

மோர்டன் நிலையத்திலிருந்து மோர்டன் ரோடு டிராம் நிறுத்தத்துக்குப் பன்னிரண்டு நிமிட நடை. பேருந்தும் உண்டு. ஆனால் டிராம் பூங்காவின் ஓரமாகப் போகும். ஜன்னலை மரக்கிளைகள் உரசுகிற மாதிரி இருக்கும். லண்டனில்தான் இருக்கிறோமா என்று ஒரு நிமிடம் சந்தேகம் வரும். டிராமில் ஏறுவதற்கு முன் மேடையிலேயே அட்டையைத் தொட வேண்டும், இறங்கும்போது தொடத் தேவையில்லை. பெரியவர்களுக்கு ஒரு பவுண் எழுபத்தைந்து பென்ஸ். எனக்கு இலவசம்.

மிச்சம் நிறுத்தத்தில் பெரியப்பாவும் ஜெனி அக்காவும் ஏறினார்கள். பெரியப்பாவின் வான் வண்டி திருத்தகத்தில் இருந்தது. அதனால் கழகத்தின் பெரிய விளையாட்டுப் பையை அவரே தோளில் சுமந்து வந்திருந்தார். அவர்களுடைய கடையைப் பெரியம்மா பார்த்துக்கொண்டார். பூசையிலிருந்து நேராக வந்ததால் பெரியப்பா வெள்ளைச் சட்டையும் மங்கல் வெள்ளைக் காற்சட்டையும் போட்டிருந்தார். இந்த உடையை ஞாபகத்தில் வையுங்கள்.

"பை எத்தினை கிலோ எண்டு தெரியுமே? அரிசி மூட்டை கூட இவ்வளவு பாரமில்லை," என்று என்னிடம் முறையிட்டார்.

"நான் தூக்கிறன் எண்டுதானே சொன்னனான் அப்பா," என்றார் அக்கா.

"நீ பந்து போடுற கை. வேண்டாம்."

அடுத்த நிறுத்தம் மிச்சம் ஜங்க்ஷன். அங்கே இறங்கினோம். புல்வெளியின் விளிம்போடு நடந்தால் திடலுக்குப் பன்னிரண்டு நிமிடம். பெரியப்பா பையோடு பின்தங்கி வந்தார். அக்காவும் நானும் பேசுவது பாதிக்கு மேல் ஆங்கிலம். இங்கே தமிழில் எழுதுகிறேன்.

"என்ன பதில் சொல்லப் போறீங்கள்?" என்று கேட்டேன்.

"ஏலாது எண்டுதான்."

"ஏன்? பெரியப்பா விடமாட்டாரோ?"

"அவர் சோதினை, படிப்பு எண்டுறார். அது இல்லை. நான் பந்து போட வந்தனான், நிரோ. ஒரு சாதாரண ஆள் கப்டனா நிண்டு தோத்தா, அணி தோத்ததெண்டு சொல்லுவினம். நான் தோத்தா, பொம்பிளைப் பிள்ளையைப் போட்டது பிழை எண்டு சொல்லுவினம். பிறகு எனக்குப் பின்னால வாற பிள்ளைக்கும் குடுக்கமாட்டினம். அதையெல்லாம் தோளில வச்சுக்கொண்டு பந்து சுழட்டேலாது."

கிளெம்மைப் பற்றி வாசித்ததைச் சொல்லலாமா என்று யோசித்தேன். அந்தக் கையேட்டில் இருந்ததையெல்லாம் நான் சொல்ல அக்கா ஏற்கெனவே இரண்டு தடவை கேட்டுவிட்டார். பெரியப்பா எட்டிப் பிடிக்கட்டும் என்று நடையைக் குறைத்தேன்.

திடல் நான் நினைத்ததைவிட அழகு. கட்டடம் பச்சை வண்ணம் பூசிய மரம், முன்னால் உட்கார நான்கு நீள வாங்குகள். அதற்கு முன்னால் நடைபாதை, பிறகு சாலை, பிறகு வெள்ளைக் கோடு போட்ட புல்தரை. சுவரில் பழைய அணிகளின் படங்கள். கிளெம்மின் படத்தை நானே கண்டுபிடித்தேன். முன்வரிசையில் நடுவில் கையைக் கட்டிக்கொண்டு இருக்கிறார், சிரிக்கவில்லை. பெயர்ப்பலகையோ நினைவுக் கல்லோ எங்கேயும் இல்லை. அதை எதிர்பார்த்துப் போனதால் கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது.

அன்று வந்த அணி, யாழ்ப்பாணத்துக் கல்லூரி ஒன்றின் பழைய மாணவர் அணி. லண்டனில் கோடை வந்தால் இப்படிப் பல அணிகள் ஆடும். ஐம்பது தாண்டிய மாமாமாரும் அவர்களுடைய மகன்மாரும் ஒரே அணியில் இருப்பார்கள். அணிக்குப் பின்னால் கோழிப் புக்கைச் சோறும் பாயும் கொண்டு குடும்பங்கள் வரும். கப்டன் பெயர் றஞ்சன். தலை முழுக்க நரை, குரல் மட்டும் பாடசாலை மைதானத்தில் கேட்பது போல. வந்ததும் வராததுமாக, "அம்பயர் நடுவுக்குப் போயிட்டார். கெதியா, கெதியா," என்று தன் ஆட்களை விரட்டிக்கொண்டிருந்தார்.

நேரம் பன்னிரண்டு நாற்பது. ஜெனி அக்கா உள்ளே சப்பாத்தை மாற்றிக்கொண்டிருந்தார். பெரியப்பா நடைபாதையில் பையோடு நின்றார். வெள்ளைச் சட்டை, வெளிறிய காற்சட்டை, தோளில் துடுப்புகள் எட்டிப் பார்க்கும் பை. றஞ்சன் நேராக அவரிடம் போனார்.

"அண்ணை, நீங்கள் தமிழோ? சொல்லவே இல்லை! வாங்கோ, கடப்பம்."

பையை எங்கே வைப்பது என்று காட்டத்தான் கூப்பிடுகிறார் என்று பெரியப்பா நினைத்தாராம். "ஓம் தம்பி, வாறன்" என்று கூடவே போய்விட்டார். பாதிச் சாலையிலேயே இரண்டு பேரும் எந்த ஊர், எந்தத் தேவாலயம் என்று தொடங்கிவிட்டார்கள். றஞ்சன் அவருடைய முழங்கையைப் பிடித்திருந்தார். நான் வாங்கிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு விளங்குவதற்குள் அவர்கள் களத்தின் நடுவில் நின்றார்கள்.

அக்கா வெளியே வந்து நடைபாதை விளிம்பில் நின்றார். தூரத்தில் நாணயம் மேலே போய் மினுங்கியது.

"அது என்ர அப்பா தானே?" என்றார்.

"ஓம்."

"அப்பா ரொஸ் போடுறாரோ?"

பேச்சுச் சுவாரசியத்தில் பெரியப்பா "தலை" என்று கேட்டதாகவும் பூ விழுந்ததாகவும் பிறகு அறிந்தோம். றஞ்சன் கைகொடுத்து, "நாங்கள் முதல் அடிக்கிறம் கப்டன்" என்று சொன்னபோதுதான் பெரியப்பாவுக்கு விஷயம் புரிந்தது. அவர் பையை அப்படியே கீழே போட்டார். "ஐயோ, நான் கப்டன் இல்லை. கப்டன்ட தகப்பன்" என்று அவர் சொன்னது சாலைக்கு இந்தப் பக்கமும் கேட்டது. எங்கள் பக்கத்து வாங்கில் இருந்த மாமிமார் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது. அக்காவின் முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டது.

அம்பயர் கையசைத்து அக்காவைக் கூப்பிட்டார். சாலையில் வாகனமே இல்லை. இருபது அடி நடந்தால் போதும்.

"போங்கோ அக்கா," என்றேன்.

"தனியப் போகேலாது. இங்க ரெண்டு பேரும் சேந்துதான் கடக்கிறது."

கோபமாகச் சொல்லவில்லை. டிராம் அட்டையை எங்கே தொட வேண்டும் என்று சொல்வது போலச் சொன்னார். பிறகு கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். கழுத்து மட்டும் சிவந்திருந்தது. அந்தப் பக்கம் மூன்று பேரும் எங்களைப் பார்த்தார்கள். ஒரு பேருந்து வந்தது. ஓட்டுநர் அக்கா கடக்கப் போகிறார் என்று நினைத்து நிறுத்தினார். அக்கா போகச் சொல்லித் தலையசைத்தார். பேருந்து போன பிறகு பார்த்தால், றஞ்சன் சாலையைக் கடந்து எங்கள் பக்கம் வந்துகொண்டிருந்தார். பின்னால், ஐந்து அடி தள்ளி, பெரியப்பா.

"பிள்ளை," என்றார் றஞ்சன். பாடசாலை மைதானக் குரல் போய்விட்டது. "இந்த வழக்கம் எனக்குத் தெரியும். நான் குரோய்டனில விசா அலுவலகத்துக்கு அலைஞ்ச காலத்தில முதல் முதல் விளையாடினது இந்தக் கிரவுண்டிலதான். கிளெம் அப்பவும் கப்டன். வயசுபோன மனுசன். அவரோட சேந்து இந்த ரோட்டைக் கடந்தவன் நான். அதுதான் ஓடி வந்து கடப்பம் எண்டு... ஆனா நீயாயிருக்கும் எண்டு நான் யோசிக்கவே இல்லை."

"பரவாயில்லை அங்கிள். நேரம் போகுது. வாங்கோ," என்றார் அக்கா.

இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நடந்து சாலையைக் கடந்தார்கள். நான் பார்க்க வந்தது அதைத்தான். மொத்தம் பத்து விநாடி இருக்கும். படம் எடுக்க மறந்துவிட்டேன். நாணயத்தைத் திரும்பச் சுண்டினார்கள். அக்காவும் தலை என்று கேட்டார். அந்தத் தடவையும் பூ. பெரியப்பா என் பக்கத்தில் வந்து அமர்ந்து, ஒரு ரோல்ஸ் முழுவதையும் தின்றார்.

ஆட்டம் அணிக்கு முப்பத்தைந்து ஓவர். பழைய மாணவர்கள் முதலில் ஆடினார்கள். எங்கள் அணியில் கார்த்திக் அண்ணா என்று ஒருவர் பதின்மூன்றாவது ஓவரிலிருந்து ஒரு முனையில் வேகப்பந்து வீசினார். கோயம்புத்தூரிலிருந்து வந்து நகரத்தில் வங்கியொன்றின் கணினிப் பிரிவில் வேலை செய்பவர். நல்ல மனிதர், சத்தமாகச் சிரிப்பவர். முதல் மூன்று ஓவர் நன்றாக வீசினார். நான்காவதில் இரண்டு பந்துகள் சாலைக்கே வந்தன. ஓவர் முடிந்ததும் பந்தைத் திருப்பித் தராமல் அக்காவிடம், "இன்னும் ஒரே ஒரு ஓவர்மா. லைன் செட் ஆயிடுச்சு," என்றார். அக்கா சரி என்றார். ஐந்தாவதும் அடி வாங்கியது. "ஜெனி, காத்து மாறிடுச்சு, இப்பப் பாரு." ஆறாவது. ஏழாவது. நான் சாலையைக் கடந்து எல்லைக் கோட்டுக்கு அருகே போயிருந்ததால் எல்லாம் கேட்டது. அக்கா ஒவ்வொரு முறையும் கையை நீட்டுவார், பிறகு இறக்கிவிடுவார். எனக்கு அது மிக நன்றாகப் புரிந்தது. வீட்டில் யாராவது மாமா இன்னொரு கோப்பை தேநீர் கேட்டால் இல்லை என்று எங்களில் யார் சொல்லியிருக்கிறோம்?

எட்டாவது ஓவருக்கு அவர் ஓடிவரும் இடத்துக்கு நடக்கத் தொடங்கியபோது அக்கா பின்னாலேயே போனார்.

"அண்ணா, போதும். நான் போடுறன்."

கார்த்திக் அண்ணா திரும்பிப் பார்த்தார். "ஒரே ஒரு..." என்று தொடங்கி, பந்தை அவருடைய கையில் வைத்தார். "ஆமா, நீதான் கேப்டன்," என்றார். சிரித்துக்கொண்டே சொன்னாலும், எல்லைக்கு நடக்கும்போது தொப்பியை இரண்டு தடவை கழற்றி மாட்டினார்.

அக்காவின் மூன்றாவது பந்தில் றஞ்சன் ஸ்டம்ப் பறிகொடுத்தார். பாயில் இருந்த மாமி ஒருவர், "பாத்துக் கடவுங்கோ கப்டன், கார் வருது," என்று சாலையோரத்திலிருந்து கத்தினார். றஞ்சன் துடுப்பைத் தூக்கி அவருக்கு வணக்கம் வைத்தார். அக்கா மொத்தம் நான்கு விக்கெட். ஆனால் அவர் பந்தைக் கையில் எடுக்கும்போது இருபத்தாறு ஓவர் முடிந்திருந்தது. அவர்கள் நூற்று எழுபத்தொன்று எடுத்தார்கள்.

இடைவேளையில் கட்டடத்துக்குள் தேநீர். பார்க்க வந்தவர்களுக்கும் உண்டு, ஒரு பவுண். கேக் துண்டு ஒரு பவுண் ஐம்பது. ஓட்டங்களைப் பதிவுசெய்யும் மேசையில் மார்சியா என்ற அம்மையார் இருந்தார். ஆட்டங்களை ஒழுங்குசெய்யும் செயலாளரும் அவரே. மாலையில் அக்கா பதில் சொல்ல வேண்டியதும் அவரிடம்தான். சுவரில் கிளெம்மின் படத்தை நான் திரும்பவும் பார்த்துக்கொண்டிருந்ததைக் கண்டு, "அது என் அப்பா," என்றார். நான் கேக்கைக் கீழே வைத்துவிட்டு, கையேட்டில் வாசித்ததை மூச்சு விடாமல் சொன்னேன். பொறுமையின் வடிவமாகக் காத்திருந்தார் என்றதும் மார்சியா சத்தமாகச் சிரித்தார்.

"பொறுமையா? கோபத்தில் அவர் கை நடுங்கியது. நடைபாதையில் உட்கார்ந்து சப்பாத்துக் கயிற்றை அவிழ்த்துக் கட்டினார். திரும்ப அவிழ்த்தார், திரும்பக் கட்டினார். கைக்கு வேலை கொடுக்காவிட்டால் அது வேறு ஏதாவது செய்துவிடும் என்று பயந்தாராம். அம்மா சொல்லி நான் கேட்டது. நான் அப்போது கைக்குழந்தை, தள்ளுவண்டியில்."

ஜெனி அக்கா கோப்பையோடு வந்து பக்கத்தில் நின்றார். "அந்த ஆட்டத்தில் யார் வென்றது?" என்று கேட்டார். கையேட்டில் அது இல்லை. இரண்டு தடவை வாசித்த எனக்கு அதைக் கேட்கத் தோன்றவும் இல்லை.

"அவர்கள்தான். அப்பா இரண்டாவது பந்திலேயே ஆட்டமிழந்தார். ஓட்டம் எதுவும் எடுக்கவில்லை."

"பிறகு?"

"பிறகு என்ன? அடுத்த ஞாயிறு மழை."

அக்கா சிரித்தார். அன்று அவர் சிரித்தது அதுதான் முதல் தடவை. மார்சியா பென்சிலைச் சீவிக்கொண்டே சொன்னார்: கப்டன் பதவியை முதலில் கொடுத்தபோது அப்பா வேண்டாம் என்றாராம். தோற்றால் தன்னோடு சேர்த்து எல்லோரையும் குறை சொல்வார்கள் என்று. அவர் வேண்டாம் என்ற ஆண்டிலும் அணி தோற்றுக்கொண்டுதான் இருந்தது. அப்போதும் அவரைத்தான் குறை சொன்னார்கள். அதற்குப் பிறகு வேண்டாம் என்று சொல்வதில் இலாபம் இல்லை என்று முடிவு செய்தாராம். அவருக்குப் பிறகு பக்கத்துக் கழகங்கள் இரண்டும் கறுப்பினக் கப்டன்களைப் போட்டன. அந்த இரண்டு பேரும் இந்தத் திடலுக்கு வந்து அவரைத் தோற்கடித்தார்கள். "அதைச் சொல்லும்போது மட்டும் அப்பா பெருமையாகச் சொல்வார்," என்றார் மார்சியா.

இரண்டாவது பாதியை நீட்டி எழுதவில்லை. நன்றாகத் தொடங்கி, நடுவில் சரிந்து, கடைசியில் கார்த்திக் அண்ணா வெளுத்துக்கட்டினார். ஆனாலும் எட்டு ஓட்டங்களால் தோற்றோம். அவர் தலைக்கவசத்தைக் கழற்றியபடியே அக்காவிடம் வந்து, "என்னோட அந்த நாலு ஓவர்லதாம்மா மேட்ச் போச்சு. நீ முன்னாடியே பிடுங்கியிருக்கணும்," என்றார்.

"ஓம் அண்ணா. அது என்ர பிழை."

"அட, இல்லன்னு நீ சொல்லுவேன்னு நெனச்சேன்," என்றார் அவர்.

றஞ்சன் கைகொடுக்க வந்தார். "வாற வருசமும் வருவம் பிள்ளை. ரோட்டைக் கடக்க முதல் உன்னட்டக் கேட்டிட்டுத்தான் காலை வைப்பன். உன்ர அப்பாவிட்டயும் கேக்கிறன், அவரும் ரொஸ் போட ஆசைப்பட்டார்."

பெரியப்பா பையைக் கட்டிக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தாமலே சிரித்தார்.

மாலை ஏழு மணிக்கு மார்சியா மேசையை மூடிவிட்டு எங்கள் வாங்குக்கு வந்தார். கேள்வியைக் கேட்காமல் வாங்கின் ஓரத்தில் உட்கார்ந்தார். அக்கா சப்பாத்துகளை ஒன்றோடொன்று தட்டி மண்ணை உதறிக்கொண்டிருந்தார். தோற்றுப்போன கப்டன் எப்படி இருப்பார் என்று எனக்குத் தெரியாது. அக்கா யோசனையில் இருந்தார், கவலையில் அல்ல. சோதனைத் தாள் திரும்பி வந்ததும் எந்தக் கேள்வியில் புள்ளி போனது என்று பார்க்கிற முகம்.

"அடுத்த ஞாயிறு எந்த அணி?" என்று கேட்டார்.

மார்சியா ஒரு கழகத்தின் பெயரைச் சொன்னார். இடதுகை ஆட்டக்காரர் இரண்டு பேர் இருப்பதாகவும் சொன்னார்.

"அப்படியென்றால் பன்னிரண்டாவது ஓவரிலேயே நான் வீசுவேன்," என்றார் அக்கா. "சரி. செப்டெம்பர் வரைக்கும்."

அவர்கள் பேசியது ஆங்கிலத்தில். பெரியப்பாவுக்கு எல்லாம் விளங்கியது. "படிப்பு?" என்று தமிழில் கேட்டார்.

"மழையைக் கழிச்சா ஆறேழு ஞாயிறுதான் அப்பா வரும்."

பெரியப்பா வானத்தைப் பார்த்தார். ஒரு முகில்கூட இல்லை. பையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு, "திருத்தின வான் வியாழக்கிழமை கிடைச்சிடும். வாற ஞாயிறு பை அதில வரும்," என்றார்.

திரும்பும் வழி அதேதான். ஞாயிறு மாலையில் டிராம் சற்று இடைவெளி விட்டு வரும். எங்களுக்குப் பதினான்கு நிமிடம் நிற்க வேண்டியிருந்தது. மிச்சத்தில் அவர்கள் இறங்கினார்கள். நான் ஆர்ச்வே வந்து சேர ஒன்பது மணி ஆகிவிட்டது. ரயிலில் என் வரலாற்றுக் கட்டுரைக்கு எழுதி வைத்திருந்த முதல் வரியை அடித்தேன். "பொறுமையின் வடிவம்" என்று தொடங்கியிருந்தேன். நடுங்கும் கையோடு சப்பாத்துக் கயிறு கட்டியவர், அதே நாளில் ஓட்டம் எதுவும் எடுக்காமல் ஆட்டமிழந்தவர் என்று எழுதினேன். அந்த மனிதரை எனக்கு முன்பைவிட நன்றாகப் பிடித்தது. பொறுமைசாலியாக மட்டும் இருந்திருந்தால் இவ்வளவு பிடித்திருக்காது.

போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். ஆட்டங்கள் ஏப்ரல் இறுதியில் தொடங்கி செப்டெம்பரில் முடியும். பார்க்கக் கட்டணம் இல்லை. வாங்குகள் பழையவை, மரச் சிம்பு குத்தும். பாய் அல்லது துணி கொண்டு போங்கள். பழக்கடைப் பக்கம் நிழல் மூன்று மணிக்குப் பிறகுதான் வரும். பந்து சாலைக்கு வரும். நடைபாதையில் சின்னப் பிள்ளைகளை விடாதீர்கள். கழிப்பறை கட்டடத்தின் பின்னால், கேட்டால் திறந்து விடுவார்கள். ரோல்ஸ் கொண்டு போனால் எண்ணிக்கையைக் கூட்டிக்கொள்ளுங்கள், கார்த்திக் அண்ணா கேட்பார்.

கிளெம்முக்கு அங்கே சிலை கிடையாது, கல்வெட்டு கிடையாது. அதைத் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். ஆட்டம் ஒரு மணிக்கு. நீங்கள் பன்னிரண்டு நாற்பதுக்கு நடைபாதையில் நில்லுங்கள். இரண்டு கப்டன்கள் சேர்ந்து சாலையைக் கடப்பார்கள். செப்டெம்பர் கடைசி ஞாயிறு வரை அவர்களில் ஒருவர் ஜெனி அக்கா.